"மூன்று முறையும் அவனையே காட்டினேன், இப்போது சந்தேகம் வருகிறது"

வழக்கறிஞர் பதில்

கொங்குப் பகுதியிலிருந்து 47 வயது வாசகி ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். சத்துணவு அமைப்பாளராக வேலை பார்க்கிறார். 2024 நவம்பரில் ஒருநாள் இரவு ஏழு மணிக்கு மேல் கடைவீதியிலிருந்து நடந்து வந்தபோது, பைக்கில் வந்த இருவரில் பின்னால் இருந்தவன் அவருடைய ஐந்தரைப் பவுன் தாலிக்கொடியைப் பிடித்து இழுத்திருக்கிறான். இவர் தாலியை இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ள, கொடி அறுந்து, தாலியும் ஒரு துண்டும் கையில் தங்கின. கீழே விழுந்ததில் முழங்காலில் அடி. ஓட்டியவன் ஹெல்மெட் போட்டிருந்தான். இழுத்தவன் முகத்தைத் தெருவிளக்கு வெளிச்சத்தில் பார்த்ததாகச் சொல்கிறார்.

பத்து நாள் கழித்துக் காவல் நிலையத்தில் ஒருவர் செல்போனில் ஒரு போட்டோவைக் காட்டி, "இவன்தானேம்மா?" என்று கேட்க, "இருக்கலாம்" என்றாராம். அடுத்த மூன்றாவது வாரம் சிறையில் நீதித்துறை நடுவர் முன்னால் அடையாள அணிவகுப்பு. ஆட்களின் இடத்தை மாற்றி மூன்று சுற்று நிறுத்தினார்கள். மூன்றிலும் அதே இளைஞரைக் காட்டினார். வெளியே வந்ததும், கூட வந்த காவலர் "கரெக்டா காட்டிட்டீங்க" என்றார். இப்போது சாட்சி சொல்லச் சம்மன் வந்திருக்கும் நேரத்தில், மகன் பக்கத்துக் கடையின் கேமரா பதிவைக் காட்டியிருக்கிறான். இவர் நீலக் கட்டம் போட்ட சட்டை என்று சொல்லியிருந்தார். பதிவில் சட்டை வெளுப்பாக இருக்கிறது. கணவர், "சொன்னதை மாத்தினா உன்னைத்தான் உள்ளே வைப்பாங்க" என்கிறார். மகன், "மறந்துபோச்சுன்னு சொல்லிடும்மா" என்கிறான். "அந்த முகம் என் மனதில் செதுக்கினதுபோல் இருக்கிறது. பார்த்தாலே உடம்பு நடுங்குகிறது. அப்படியிருக்க நான் தவறாகப் பார்த்திருக்க முடியுமா? கோர்ட்டுக்குப் போகாமலே இருந்துவிடலாமா?" என்று கேட்கிறார்.

அன்புள்ள சகோதரி,

கடிதம் முழுக்க "அவன்" என்று எழுதியிருக்கிறீர்கள். தாலிக்கொடியை இழந்தவருக்கு அந்தக் கோபம் நியாயம்தான். நான் "அந்த இளைஞர்" என்றே எழுதுகிறேன். நீதிமன்றத்தைப் பொறுத்தவரை அவர் இன்றைக்கு "எதிரி", அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், அவ்வளவுதான். பறிப்புக்கு, குற்றங்களுக்கான தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 304-ன்படி 3 ஆண்டு வரை சிறை. உங்களுக்கு ஏற்பட்ட காயத்தைக் காட்டி வழிப்பறி என்று பிரிவு 309-ல் குற்றச்சாட்டு வைத்திருந்தால் 10 ஆண்டு வரை, ஏன், ஆயுள் சிறை வரைகூடப் போகலாம். எனவே உங்கள் தயக்கம் சின்ன விஷயமில்லை. அது வந்ததற்காக உங்களையே நொந்துகொள்ளவும் வேண்டாம்.

முகம் எப்போது பதிந்தது?

முகம் மனதில் பதிந்திருக்கிறது என்பதை நான் சந்தேகிக்கவில்லை. எந்த நாளில் பதிந்தது என்பதுதான் கேள்வி. அந்த இளைஞரின் முகத்தை நீங்கள் நிலையத்தில் போட்டோவாகப் பார்த்தீர்கள். சிறையில் மூன்று முறை, பகல் வெளிச்சத்தில், நின்று நிதானமாகப் பார்த்தீர்கள். சம்பவத்தன்று பார்த்தது அவரைத்தான் என்றால், அது ஐந்தாவது தடவை. அதுவும் ஐந்திலேயே மிகக் குறைந்த நேரம், மிக மோசமான வெளிச்சம். நினைவு இவற்றைத் தனித்தனித் தாளில் எழுதி வைப்பதில்லை. பின்னால் தெளிவாகப் பார்த்த முகம் முதலில் மங்கலாகப் பார்த்த இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும். பிறகு கண்ணை மூடினால், அந்த இரவிலேயே அவ்வளவு தெளிவாகப் பார்த்ததுபோல்தான் தோன்றும்.

உங்கள் கடிதத்தில் நீங்களே ஒரு நல்ல தடயம் கொடுத்திருக்கிறீர்கள். "அவன் மணிக்கட்டில் கறுப்புக் கயிறு கட்டியிருந்தது நன்றாக ஞாபகம் இருக்கிறது" என்கிறீர்கள். அந்த நொடியில் உங்கள் கண் எங்கே இருந்தது என்று இது சொல்கிறது: கழுத்துக்குப் பக்கத்தில் வந்த கையின் மேல், தாலியின் மேல். கையை நீட்டி உங்கள் கட்டைவிரல் நகத்தைப் பாருங்கள். கண் மிகத் துல்லியமாகப் பார்க்கும் பரப்பு ஏறக்குறைய அவ்வளவுதான். சுற்றியுள்ள மற்றதை மங்கலாக வாங்கி, மிச்சத்தை மனம் நிரப்பிக்கொள்கிறது. ஆபத்து வரும்போது கண் ஆபத்தான பொருளிலேயே குத்திட்டு நிற்கும். கத்தியைக் கண்டவருக்குக் கத்தி நினைவிருக்கும், பிடித்திருந்தவன் முகம் அந்த அளவு இருக்காது. நான்கைந்து நொடிச் சம்பவம் "அரை நிமிஷம் இருக்கும்" என்று தோன்றுவதும் சகஜம்.

மனம் எதைக் கொண்டு நிரப்புகிறது என்பதற்கு 1949-ல் ஜெரோம் புரூனரும் லியோ போஸ்ட்மேனும் அமெரிக்காவில் செய்த ஒரு சோதனை உண்டு. சீட்டுக்கட்டில் இஸ்பேட்டைச் சிவப்பில் அச்சடித்து, கண நேரம் காட்டினார்கள். பலர் அதை வழக்கமான சீட்டாகவே வாசித்தார்கள். சிலர் அந்தச் சிவப்பைப் பழுப்பு, ஊதா என்று பார்த்தார்கள். இஸ்பேட் கறுப்பாகத்தான் இருக்க வேண்டும் என்று மனம் முன்பே முடிவு செய்துவிட்டது. கண்ணுக்கு வந்த சிவப்போடு அது பேரம் பேசியிருக்கிறது. "அந்தக் காலனிப் பையன்கள் வேலையாகத்தான் இருக்கும் என்று தெருவே பேசியது" என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த வரியை இதோடு சேர்த்துப் படித்துப் பாருங்கள். "பார்த்தாலே திருட்டு முழி" என்று எழுதியதையும். அந்த முழியை நீங்கள் முதலில் கவனித்தது, காவல் நிலையத்தில் காட்டிய போட்டோவில்.

இதில் உங்கள் குற்றம் எதுவும் இல்லை. தெரியாத முகத்தை அடையாளம் காண்பது எல்லோருக்குமே சிரமம். பிரிட்டனில் 1999-ல் வெளியான ஓர் ஆய்வில், நல்ல தரமான வீடியோவில் தெரிந்த முகத்தைப் பக்கத்திலேயே வைத்த பத்துப் போட்டோக்களோடு ஒப்பிடச் சொன்னபோதே, ஏறக்குறைய 70 சதவீதம்தான் சரியாக வந்தது. அங்கே நினைவுக்கு வேலையே இல்லை. பயமும் இல்லை, இருட்டும் இல்லை.

மூன்று முறை காட்டியது மூன்று சாட்சி ஆகாது

நீங்கள் பெரிதாக நம்புவது இதைத்தான்: "மூன்று முறையும் தப்பாகுமா?" ஆகும். முதல் சுற்றில் ஒருவரைத் தேர்ந்தெடுத்த பிறகு, இரண்டாம் சுற்றில் நீங்கள் தேடியது நவம்பர் இரவின் முகத்தை அல்ல, ஐந்து நிமிஷத்துக்கு முன் தொட்டுக் காட்டிய முகத்தை. மூன்றாவதிலும் அப்படியே. சுற்றுகளை மாற்றுவது குருட்டாம்போக்கில் காட்டுவதைத் தடுக்கும். முதல் தேர்வே தவறு என்றால் அதைத் திருத்தாது. முதல் சுற்றுக்கு முன்பே அந்த முகத்தைப் போட்டோவில் பார்த்துவிட்டீர்கள் என்பது இன்னும் முக்கியம். வரிசையில் நின்றவர்களில் உங்களுக்கு ஏற்கெனவே பரிச்சயமான முகம் அது ஒன்றுதான். "எங்கேயோ பார்த்த முகம்" என்று மனம் சொல்லும். எங்கே என்று சொல்லாது. வரிசையில் தாடி வைத்த ஒல்லியான ஆள் அவர் ஒருவர்தான் என்றும் எழுதியிருக்கிறீர்கள். அப்படியென்றால் அது சரியாக அமைத்த வரிசையே இல்லை.

பிறகு அந்தக் காவலர் சொன்ன வார்த்தை. நல்ல எண்ணத்தில்தான் சொல்லியிருப்பார். ஆனால் 1998-ல் கேரி வெல்ஸும் ஏமி பிராட்ஃபீல்டும் இதையே சோதித்தார்கள். குற்றவாளியே இல்லாத போட்டோ வரிசையில் ஒருவரைத் தேர்ந்தெடுக்க வைத்தார்கள். எனவே எல்லோர் தேர்வும் தவறு. சிலரிடம் மட்டும், சரியான ஆளைக் காட்டினீர்கள் என்றார்கள். அவர்களுடைய நிச்சயம் கூடியதோடு நிற்கவில்லை. சம்பவத்தை நன்றாகப் பார்த்தேன், முகத்தைக் கவனித்தேன் என்று பார்த்த விதத்தையே உயர்த்திச் சொன்னார்கள். "இருக்கலாம்" என்று ஆரம்பித்த நீங்கள் "செதுக்கினதுபோல்" என்பதற்கு வந்து சேர்ந்த வழி இதுவாக இருக்கலாம்.

எந்த எல்லைவரை போகும் என்பதற்கு ரொனால்ட் காட்டன் வழக்கைச் சொல்வார்கள். 1984, அமெரிக்காவின் வட கரோலினா. பாதிக்கப்பட்ட இளம்பெண், பிறகு அடையாளம் காட்ட வேண்டும் என்றே அந்த முகத்தை முயன்று கவனித்தவர். போட்டோவில் தயங்கித்தான் காட்டனைத் தேர்ந்தெடுத்தார். அடுத்து நேரில் நிறுத்திய வரிசையில், போட்டோவிலும் இருந்தவர் காட்டன் ஒருவர்தான். சாட்சிக் கூண்டுக்கு வந்தபோது அவருக்குத் துளி சந்தேகம் இல்லை. உண்மைக் குற்றவாளியைப் பிறகு நீதிமன்றத்தில் நேருக்கு நேர் நிறுத்தியபோது, இவரைப் பார்த்ததே இல்லை என்றார். 1995-ல் டிஎன்ஏ சோதனை காட்டனை விடுவித்தது; பத்து ஆண்டுகளுக்கு மேல் சிறையில் போயிருந்தது. அந்தப் பெண் பொய் சொல்லவில்லை.

கேமராவும் சத்தியம் செய்யாது

மகன் காட்டிய பதிவைப் பார்த்து "அப்போ நான் சொன்னது எல்லாமே தப்பு" என்று எதிர்ப்பக்கம் சாய்ந்துவிட வேண்டாம். கடைகளில் இருக்கும் சாதாரணக் கேமராக்கள் இருட்டியதும் அகச்சிவப்பு ஒளிக்கு மாறிவிடும். படம் கறுப்பு வெள்ளையாகிவிடும். அந்த ஒளியில், நம் கண்ணுக்குக் கறுப்பாகவோ கருநீலமாகவோ தெரியும் சில துணிகள் வெளுப்பாகப் பதியும். பாலியஸ்டர் கலந்த சட்டைகளில் இது சாதாரணம். எனவே வெளுத்த சட்டை என்பதால் மட்டும் உங்கள் நீலச் சட்டை பொய்யாகிவிடாது. அதேபோல் உங்கள் தெருவில் மஞ்சள் சோடியம் விளக்கு என்றால், அந்த வெளிச்சத்தில் நீலம், கறுப்பு, சாம்பலைப் பிரித்துச் சொல்வதும் கஷ்டம். சட்டை நிறத்தை இரண்டு பக்கத்திலும் விட்டுவிடுங்கள். எந்தக் கையால் இழுத்தான், வண்டி எந்தப் பக்கம் திரும்பியது, மணிக்கட்டில் கயிறு தெரிகிறதா, பதிவின் நேரம் என்ன என்பவைதான் அதில் பார்க்க வேண்டியவை. (கறுப்புக் கயிறு கட்டாத இளைஞர் இன்று யார் என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்பார். கேட்கட்டும்.)

பதிவை நீங்கள் திரும்பத் திரும்பப் பார்க்காதீர்கள். அதுவும் உங்கள் நினைவுக்குள் புகுந்துவிடும். மகனிடம் உள்ள கோப்பை வாட்ஸ்அப்பில் அனுப்பாமல், முதலில் நகலெடுத்த பென்டிரைவிலேயே வைத்திருக்கச் சொல்லுங்கள். அனுப்பினால் தரம் குறையும், கோப்பின் விவரங்களும் போய்விடும். அரசு உதவி வழக்கறிஞரிடம் அதைப் பற்றிச் சொல்லுங்கள். நீதிமன்றத்தில் அது சாட்சியமாக வர, பாரதிய சாக்ஷிய அதிநியம் (சாட்சியச் சட்டம்) பிரிவு 63-ன்படி சான்றிதழ் வேண்டும். விசாரணை தொடங்கிய பிறகும் நீதிமன்ற அனுமதியோடு மேல் புலனாய்வு செய்யலாம்; பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (குற்ற நடைமுறைச் சட்டம்) பிரிவு 193(9) அதற்கு வழி வைத்திருக்கிறது.

உள்ளே வைப்பார்களா?

உங்கள் கணவர் பயப்படுவது பொய் சாட்சியக் குற்றத்துக்கு. நியாய சன்ஹிதா பிரிவு 227 அதை விளக்குகிறது; 229-ன்படி 7 ஆண்டு வரை சிறை உண்மைதான். ஆனால் எது பொய் சாட்சியம்? பொய் என்று தெரிந்தோ, உண்மை என்று நம்பாமலோ சொல்வது. சட்டத்திலேயே இரண்டு உதாரணம் இருக்கிறது. ஒருவர் இன்னொருவரின் கையெழுத்தை ஓரளவு அறிந்தவர். ஒரு கையெழுத்தைப் பார்த்து, அது அவருடையது என்று "நம்புகிறேன்" என்கிறார், மனதார நம்பியே. கையெழுத்து வேறொருவருடையது என்று தெரிய வந்தாலும் அவர் குற்றவாளி இல்லை. மற்றொருவர், தனக்கு ஒன்றும் தெரியாமலே, இன்னார் அன்று அந்த இடத்தில் இருந்தது "எனக்குத் தெரியும்" என்று சத்தியம் செய்கிறார். அந்த ஆள் உண்மையில் அங்கே இருந்திருந்தாலும் இவர் சொன்னது பொய் சாட்சியம்.

ஆக, சந்தேகத்தைச் சந்தேகம் என்று சொல்வதில் ஆபத்து இல்லை. மனதில் சந்தேகம் இருக்க "இவரேதான், நிச்சயம்" என்று சொல்வதுதான் வம்பு. "மறந்துபோச்சு" என்ற மகனின் யோசனையும் அதே வகை. நினைவிருப்பதை மறந்ததாகச் சொல்வதும் பொய்தான்.

அரசுத் தரப்பு உங்களைப் பிறழ் சாட்சி (முன்பு சொன்னதிலிருந்து மாறியவர்) என்று கருதி, நீதிமன்ற அனுமதியோடு குறுக்கு விசாரணை செய்யலாம். கடுமையாகக் கேட்பார்கள், சங்கடமாக இருக்கும். ஆனால் பிறழ் சாட்சி ஆவது தன்னளவில் குற்றம் இல்லை. உங்கள் சாட்சியத்தில் நம்பத் தகுந்த பகுதியை நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். போகாமல் இருப்பது மட்டும் கூடவே கூடாது. பிடியாணை வரும், நியாய சன்ஹிதா பிரிவு 208-ன்படி தனிக் குற்றமும் ஆகும்.

இன்னொரு தவறான எண்ணம், அணிவகுப்பில் காட்டியதோடு வழக்கு முடிந்தது என்பது. அணிவகுப்பு தன்னளவில் அடிப்படைச் சாட்சியம் இல்லை, நீதிமன்றத்தில் சத்தியத்தின் பேரில் சொல்வதற்குத் துணை மட்டுமே என்று மல்கான்சிங் வழக்கில் (2003) உட்படப் பலமுறை உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. முன்கூட்டியே போட்டோ காட்டியிருந்தால் அந்தத் துணையின் மதிப்பும் குறையும். அதனால் போட்டோ விஷயத்தை மறைப்பது யாருக்கும் உதவாது.

தேதிக்கு முன் செய்ய வேண்டியவை

முதலில், யாரிடமும் பேசாமல் ஒரு தாளில் எழுதுங்கள்: அன்றிரவு பார்த்தது, கேட்டது, உடலில் உணர்ந்தது மட்டும். வேறொரு தாளில் பிறகு சேர்ந்தவை: போட்டோ, அணிவகுப்பு, காவலர் சொன்னது, தெருப் பேச்சு, கேமரா. எந்தத் தாளில் எழுதுவது என்று தெரியாதவற்றைத் தெரியவில்லை என்றே குறியுங்கள். இது உங்கள் தெளிவுக்கு மட்டும். நீதிமன்றத்தில் பார்த்துப் படிப்பதற்கு அல்ல.

அடுத்து முதல் தகவல் அறிக்கையின் நகலை எடுங்கள். புகார்தாரருக்கு இலவசமாகத் தர வேண்டும் என்பது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 173(2). அதில் "அடையாளம் தெரியாத, சுமார் 25 வயது மதிக்கத்தக்க இரண்டு நபர்கள்" என்றும், "மீண்டும் நேரில் பார்த்தால் அடையாளம் காட்டுவேன்" என்றும் இருக்கக்கூடும். கடைசி வரி நீங்கள் சொன்னதா, எழுதியவர் வழக்கமாகச் சேர்ப்பதா என்று யோசித்துப் பாருங்கள். தாடி, உயரம், கயிறு பற்றி ஏதாவது இருக்கிறதா? போட்டோ பார்ப்பதற்கு முன் நீங்கள் சொன்ன வருணனை அது ஒன்றுதான். விசாரணையின்போது போலீசார் எழுதிக்கொண்ட வாக்குமூலத்தில் உங்கள் கையெழுத்து வாங்கக் கூடாது (அதே சட்டம், பிரிவு 181). வாங்கியிருந்தால் அதையும் அரசு வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.

அரசு உதவி வழக்கறிஞரை ஒரு நாள் முன்னதாகச் சந்தித்து நேராகச் சொல்லிவிடுங்கள். எதிர்த்தரப்பு ஆட்கள் வீட்டுக்கு வந்தால் பேச வேண்டாம்; மிரட்டினால் சாட்சிப் பாதுகாப்பு கேட்டு மனுச் செய்யலாம். தனியாக ஒரு வக்கீலின் யோசனை வேண்டுமென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100-க்குப் பேசுங்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசம்.

கூண்டில் "ஆஜரில் உள்ள எதிரிதானே உங்கள் கொடியைப் பறித்தது?" என்று கேட்பார்கள். எதிரே நிற்பவர் ஒருவர்தான். இதைவிட வழிகாட்டும் கேள்வி இருக்க முடியாது. ஆம், இல்லை என்று ஒற்றை வார்த்தையில் சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை. உங்கள் மனநிலை கடிதத்தில் சொன்னதுதான் என்றால், இப்படிச் சொல்லலாம்: "சிறையில் நான் காட்டியது இவரைத்தான். அதற்கு முன் நிலையத்தில் இவருடைய போட்டோவைக் காட்டினார்கள். சம்பவத்தன்று முகத்தைச் சில நொடிதான் பார்த்தேன். அன்று பறித்தவர் இவர்தான் என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை." உறுதி இருந்தால் இருக்கிறது என்றே சொல்லுங்கள், எனக்காக அதைக் குறைக்க வேண்டாம். தட்டச்சு செய்த சாட்சியத்தைப் படித்துக் காட்டாமல் கையெழுத்துக் கேட்டால், படித்துக் காட்டும்படி நடுவரிடம் கேளுங்கள். நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 313 தரும் உரிமை அது. "முடியவில்லை" என்பது "இல்லை" என்று பதிவாகிவிடுவதும் நடக்கும்.

நகை

கொடி திரும்பக் கிடைப்பது அந்த இளைஞரை நீங்கள் காட்டுவதைப் பொறுத்ததல்ல. போலீசார் அடகுக் கடையில் கைப்பற்றியதாக நீங்கள் எழுதியிருக்கும் அறுந்த கொடி உங்களுடையதுதான் என்று காட்டினால் போதும். அதற்கு உங்கள் கண்ணைவிட நல்ல சாட்சி இருக்கிறது: உங்கள் கையில் தங்கிய துண்டு. அறுந்த கண்ணி இரண்டு பக்கமும் பொருந்துகிறதா, எடை கூட்டினால் ஐந்தரைப் பவுனுக்கு வருகிறதா, கொக்கியில் பற்றவைத்த இடம் இருக்கிறதா என்று நீதிமன்றத்தில் பார்க்கக் கேளுங்கள். கல்யாண போட்டோக்களையும், பழுது பார்த்த ரசீது இருந்தால் அதையும் எடுத்து வையுங்கள். நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 497-ன்படி வழக்கு முடியும் முன்பே பிணைப் பத்திரம் எழுதிக்கொடுத்து நகையைப் பொறுப்பில் பெற மனுப் போடலாம். பறிமுதல் பொருள்களை வீணே தேக்கி வைக்கக் கூடாது என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் (2002) உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அந்தக் கொடியை அந்த இளைஞர்தான் அடகு வைத்தார் என்று கடைப் பதிவேடு காட்டினால், அது அவருக்கு எதிரான தனிச் சாட்சியம். பாரம் முழுக்க உங்கள் கண்ணின் மேல் இல்லை.

கடைசியாக, நடுக்கம். அந்த நடுக்கம் உண்மை. உங்களுக்கு நடந்ததும் உண்மை. ஆனால் நிலையத்தில் போட்டோ பார்த்த அன்றும், சிறை வாசலில் நின்ற அன்றும் உங்களுக்கு இதே பதற்றம்தான் இருந்திருக்கும். உடம்பு அந்த முகத்தோடு அதைச் சேர்த்து வைத்துக்கொண்டுவிட்டது. அதனால் அதை அடையாளமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். அன்று காலை சாப்பிட்டுவிட்டுப் போங்கள், யாரையாவது துணைக்கு அழைத்துக்கொள்ளுங்கள். கூண்டில் நிற்க முடியாவிட்டால் நாற்காலி கேட்கலாம், தண்ணீர் கேட்கலாம். கேள்வி புரியவில்லையென்றால் திரும்பக் கேட்கச் சொல்லலாம். சாட்சிக்கான படிப் பணத்தையும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். பல பேர் கேட்காமலே வந்துவிடுகிறார்கள்.